மூன்று பல் புழு

அடுத்த வீட்டில் என்ன நடக்கிறதென்று தெரியாவிட்டால் எனக்குச் சோறு இறங்காது. அதைக் குற்றமென்று எழுதிக்கொள்ளாதீர்கள், ஐயா. எழுதினால் எங்கள் தெருவையே போலீஸ் வண்டியில் ஏற்ற வேண்டியிருக்கும்.

பக்கத்து வீட்டுக்காரி புருஷனை விட்டுவிட்டு, ஒரு கூட்டம் வாத்துகளோடும் நீள்கழுத்துப் பெருவாத்துகளோடும் குடிவந்தவள். ஏன் விட்டாள்? கேட்டால், "ஒண்ணுமில்லைக்கா" என்று சிரித்துக் கதவைச் சாத்துவாள். ஒன்றுமில்லாமலா ஒருத்தி வாத்துகளோடு தனிக்குடித்தனம் வருவாள்? அவள் அண்ணன் ஒருநாள் வாசலில் நின்று சொன்னது மட்டும் என் காதில் விழுந்தது. விழும் தூரத்தில்தான் நின்றிருந்தேன்.

"இந்த வாத்துகளை வெச்சுப் பொழைச்சுக்கோ. முடியலைன்னா அவன்கிட்டயே போயிடு. என் வீட்ல இடமில்ல."

நான் பறவைநோய்க் கூடத்தில் பத்தொன்பது வருடமாகப் புழு பார்க்கிறவள். குஞ்சுகள் சாகத் தொடங்கியதும், செத்த ஒன்றைத் துணியில் சுற்றிக்கொண்டு என்னிடம்தான் வந்தாள். இரைப்பையைப் பிளந்து, உள்ளே ஒட்டியிருக்கும் தடித்த தோலை உரித்தேன். அடியில் சிவப்பு நூல் நூலாக நெளிந்தன. நுண்ணோக்கியில் வாயைப் பார்த்தேன். மூன்று பல். சந்தேகமே இல்லை, குஞ்சுகளைக் கொல்லும் இரைப்பைப் புழு. மருந்து கொடுத்தால் மந்தை பிழைத்துவிடும்.

"ஒண்ணும் பிடிபடலையேம்மா. நாளைக்கு இன்னொண்ணு கொண்டா" என்றேன்.

காரணம் இருக்கிறது. நான் உரித்துக்கொண்டிருந்தபோது அவள் வாய் திறந்தாள். கவலையோடு காத்திருப்பவர்கள் தாமாகவே பேசுவார்கள். முதல் குஞ்சுக்குக் கல்யாணக் கதை. இரண்டாவதற்கு மாமியார். நான்காவது செத்த அன்று ரவிக்கைக் கையை மேலே தள்ளினாள்.

"இஸ்திரிப் பெட்டிக்கா. சூடாயிடுச்சான்னு என் கையில வெச்சுப் பார்த்தார்."

அதற்குப் பிறகு ஒரு வாரம் சாவு இல்லை, அவளும் வரவில்லை. பாதிக் கதையில் விட்டுவிட்டுப் போனால் எப்படி? புழுமுட்டை இருந்த எச்சத்தைச் சீசாவில் ஈரம் காயாமல் வைத்திருந்தேன். முட்டை பொரிந்து புழு வந்ததும், அவள் வாத்துகள் மேயும் புல்லுக்குத் தண்ணீர் விடும் சாக்கில் ஊற்றிவிட்டு வந்தேன்.

மறுபடி செத்த குஞ்சோடு வந்தவள், "நீங்க மட்டும் இல்லைன்னா என்னக்கா பண்ணுவேன்" என்றாள். அன்று நெடுநேரம் பேசினாள்.

மந்தை தீர்ந்ததும், அவளைப் புருஷனிடம் கொண்டுபோய் விட அண்ணன் வந்தார். அவள் பெட்டியை நான்தான் தூக்கி வண்டியில் வைத்தேன். என் கையைப் பிடித்துக்கொண்டு, "போனா உயிரோட விட மாட்டாருக்கா" என்றாள். ஒன்பதாம் நாள் நீங்கள் வந்து கதவைத் தட்டினீர்கள்.

அடித்துக் கொன்றது அவன். ஆனால் அவன் கையில் திரும்பக் கொண்டுபோய்க் கொடுத்தது நான். தெரிந்துதான் செய்தேன். கையெழுத்துப் போடுகிறேன், காகிதத்தைக் கொடுங்கள். அந்த வீட்டுக்குள் போய்ப் பார்த்தவர் நீங்கள்தானே, ஐயா? அவளிடம் நான் அக்கறையோடு பழகியவள், அதனால் கேட்கிறேன்: அன்றைக்குச் சண்டை எதில் ஆரம்பித்ததாம்?