நகரும் சவுக்கு வேலி

இந்த நாற்காலியைக் கொஞ்சம் ஜன்னல் பக்கம் இழுத்துப் போட்டுக்கொள்ளட்டுமா சார்? ஒரே இடத்தில் கால் மணி நேரம் உட்கார்ந்தால் எனக்கு இருப்புக் கொள்ளாது. உங்களுக்குத் தமிழ் தெரிந்தது நல்லதாகப் போயிற்று. வாக்குமூலத்தை நான் தமிழிலேயே சொல்கிறேன், நீங்கள் கன்னடத்தில் எழுதிக்கொள்ளுங்கள்.

பெயர் அய்யாசாமி, ஊர் கௌதள்ளி. பதினாலு வருஷமாக இங்கே மைசூரில் மலையடிவாரத்துப் புதிர்த்தோட்டத்தில் வேலை. நீங்கள் உள்ளே போனதில்லையே? முந்நூற்று நாற்பது இரும்புத் தொட்டிகள். ஒவ்வொன்றிலும் ஏழடி சவுக்கு, கை நுழையாத நெருக்கம். அடியில் சக்கரம். பூட்டினால் சுவர், அவிழ்த்தால் வழி. ஜனங்கள் உள்ளே இருக்கும்போதே நான் இந்தப் பக்கம் ஒன்று, அந்தப் பக்கம் ஒன்று என்று தள்ளிக்கொண்டே இருப்பேன். வந்த வழியில் திரும்பினால் அங்கே வேலி நிற்கும். அதற்குத்தான் டிக்கெட்.

தொட்டியை அசைக்காமல் விட்டால் செடி வெயில் பக்கமே சாய்ந்து பாழாகிவிடும். மனுஷனும் அப்படித்தான் என்பது என் கட்சி. மகேஸ்வரிக்கு அது கடைசிவரை புரியவில்லை.

மகேஸ்வரி என் சம்சாரம். கல்யாணமாகி இருபத்தாறு வருஷம். மைசூரில் மட்டும் பதினோரு வீடு மாறினோம். மேட்டகள்ளி, உதயகிரி, ஹெப்பாள் என்று சுற்றாத இடமில்லை. எந்த வீட்டுக்காரரும் எங்களைக் காலி பண்ணச் சொன்னதில்லை. எனக்குத்தான் சுவர் அலுத்துப்போகும். வீட்டுக்குள்ளும் வாரம் ஒரு தடவை கட்டிலையும் பீரோவையும் இடம் மாற்றுவேன். இருட்டில் எழுந்து முட்டிக்கொண்டு அவள் இரண்டு தடவை விழுந்திருக்கிறாள். எல்லா வீட்டிலும் ஒரு கறிவேப்பிலைச் செடி நட்டுவைப்பாள். அது வளர்வதற்குள் வீடு மாறிவிடுவோம், ஒன்றில்கூட இலை கிள்ளிக் குழம்பில் போட்டதில்லை. அதைச் சொல்லிச் சொல்லிக் காட்டுவாள்.

போன மாதம் அவளுடைய அண்ணன் செந்தில்நாதன் ராமாபுரத்தில் தன் விவசாயக் காட்டோரம் ஓர் அறை கட்டி, அது உனக்குத்தான் என்று அவளிடம் சொல்லிவிட்டார். அவள் சண்டை போடவில்லை. துணியை மடித்து வைத்துக்கொண்டே, "நான் அங்கயே இருந்துக்கறனுங்க. இனி எங்கயும் மாறமாட்டேன்" என்றாள். ஒரு வாரம் தூங்கவில்லை. என்னோடு எத்தனை வீடு வேண்டுமானாலும் வருவாள் என்றுதான் நினைத்திருந்தேன்.

செவ்வாய்க்கிழமை தோட்டத்துக்கு விடுமுறை. தொட்டிகளுக்கு எண்ணெய் போட நான் மட்டும் போவேன். இந்தச் செவ்வாய் காலை எட்டரை மணிக்கு, ராமாபுரம் பஸ்ஸுக்குப் போகிற வழியில், வீட்டுச் சாவியைக் கொடுக்க வந்தாள். அவளுக்குச் சர்க்கரை. எங்கள் வீட்டில் ஃப்ரிட்ஜ் கிடையாது, அதனால் ஊசி மருந்து பக்கத்து வீட்டு லிங்கம்மாவிடம் இருக்கும். அங்கேயே போட்டுக்கொண்டு வந்து, அரை மணிக்குள் சாப்பிடுவது வழக்கம்.

"ஏனுங்க, ஊசி போட்டாச்சு. பஸ்ஸுல ஏறித்தான் சாப்பிடோணும். சாவியப் புடிங்க."

"பையக் குடு புள்ள, கனமா இருக்குது. நடுவுல பெஞ்சு இருக்குது. உக்காந்து ரெண்டு வார்த்த பேசிட்டுப் போ."

கொடுத்தாள். உள்ளே இட்லி டப்பா சூடாக இருந்தது, துணிக்கு மேலேயே தெரிந்தது. நான் முன்னால் நடந்தேன். இரண்டாவது திருப்பத்தில் எனக்குப் பின்னால் ஒரு தொட்டியை இழுத்துப் போட்டேன். பிறகு சுற்றி வந்து அவளுக்குப் பின்னால் ஒன்று.

ஒன்பது மணி பஸ் போகட்டும் என்பதுதான் யோசனை. அடுத்தது பதினொன்றுக்கு. அதுவும் போய்விட்டால் அன்றைக்குப் பயணம் வேண்டாம் என்று அவளே சொல்லிவிடுவாள். இதில் கெட்ட எண்ணம் எங்கே இருக்கிறது, சொல்லுங்கள்.

முதலில் சிரித்தாள். "வெளையாடாதீங்க, வயசாச்சு." அப்புறம் திட்டினாள். அவள் இடது பக்கம் போனால் நான் இடதை மூடி வலதைத் திறந்துவிட்டேன். நான் அவளை எங்கேயும் அடைத்து வைக்கவில்லை சார். எப்போதும் ஒரு வழி திறந்தே இருந்தது. அது வெளியே போகவில்லை, அவ்வளவுதான்.

டிக்கெட் நாளாக இருந்தால், உள்ளே வருகிறவர்களுக்கு நாங்கள் கொடுக்கும் விசில் அவள் கையிலும் இருந்திருக்கும், ஊதியிருப்பாள். ஊதினால் போய்க் கூட்டி வந்துவிடுவேன். பதினாலு வருஷத்தில் ஒருத்தரையும் ஐந்து நிமிஷத்துக்கு மேல் காக்க வைத்ததில்லை. அதையும் எழுதிக்கொள்ளுங்கள்.

பத்து மணிக்கு, "கண்ண இருட்டுதுங்க, டப்பாவ மட்டும் வீசிருங்க" என்றாள். பை என் தோளில்தான் இருந்தது. டப்பாவைக் கொடுத்தால் சாப்பிட்டுவிட்டுத் தெம்பாகக் கிளம்பிவிடுவாள். நான் இன்னும் நாலு தொட்டி தள்ளினேன். வேர்த்து ஊற்றியது. கை நிற்கவே இல்லை.

பிறகு அவள் நடப்பதை நிறுத்திவிட்டாள். உட்காரும் சத்தம் கேட்டது. பேச்சு குழறியது. சர்க்கரை இறங்கினால் அப்படி ஆகும் என்று டாக்டர் என்னையும் உட்கார வைத்துத்தான் சொல்லியிருந்தார். எனக்குத் தெரியாது என்று நான் சொல்லமாட்டேன். எங்களுக்கு நடுவில் ஒரே ஒரு தொட்டி. அதன் சக்கரம் பூட்டவில்லை. ஒரு கையால் தள்ளினால் போதும்.

அப்போதுதான் அவள் கூப்பிட்டாள். எங்கள் பக்கம் பெண்கள் புருஷன் பெயரைச் சொல்வதில்லை. ரேஷன் கார்டு ஆபீசில் கேட்டபோதுகூட அவள் என்னைப் பார்த்துக் கையைக் காட்டினாள். அன்றைக்கு, "அய்யாசாமி" என்றாள். மெதுவாக, முழுசாக.

என்னைவிட்டுப் போகிறவள் அப்படிக் கூப்பிடமாட்டாள் இல்லையா சார்? கேட்க அவ்வளவு நன்றாக இருந்தது. இன்னொரு தடவை கூப்பிடட்டும் என்று, தொட்டியின் மேல் கையை வைத்தபடி, நான் அசையாமல் நின்றேன்.