அட்டைப்படம்: சிவப்ரியா

— எந்திரிக்காதீங்க அண்ணாச்சி. வந்ததைப் பேசிட்டுத்தான் போவேன். நான் வரைஞ்ச சாமியை யாரு திருப்புனது?

— மெதுவாப் பேசு சிவப்ரியா. உள்ள ரெக்கார்டிங் ஓடுது.

— ஓடட்டும், இதுவும் சேந்து பதியட்டும். நான் குடுத்த சங்கரநாராயணருக்கு வலப்பக்கம் சிவன், இடப்பக்கம் பெருமாள். நீங்க வெளிய விட்ட ஆல்பத்துல சடாமுடி இடப்பக்கம் நிக்கி, சங்கு வலப்பக்கம் நிக்கி. நம்ம ஊர்ல ஒண்ணாங்கிளாஸ் புள்ளைக்குத் தெரியும் இது தப்புன்னு. ஆடித்தபசுத் திருவிழாவுக்கு நாலு நாள்தான் கெடக்கு. ஊரே பாட்டைக் கேக்காம கவரைத் திட்டிக்கிட்டு இருக்கு.

— வேணும்னேவா செஞ்சேன்? நீ பாடகர் போட்டோவுக்கு எடம் விட்டிருந்தேல்லா, அந்த ஓரத்துல அவரை வச்சா சாமிக்கு முதுகைக் காட்டுத மாதிரி இருந்துச்சு. அதான் கம்ப்யூட்டர் பாக்குத நம்ம ரிபாயிட்டச் சொல்லி, கண்ணாடில தெரியுத மாதிரி படத்தைத் திருப்பி எடுத்தோம்.

— பாடகரைத் திருப்பியிருக்கலாம்லா?

— கேட்டோமே. கன்னத்து மச்சம் எடம் மாறிரும், வேண்டாம்னுட்டாரு.

— அவரு மச்சம் மாறக் கூடாது, சாமி மாறலாம். நல்லா இருக்கு அண்ணாச்சி. ரிபாயி அண்ணன் பள்ளிவாசலுக்குப் போறவரு, கடையநல்லூர்ல இருந்து வாராரு, அவருக்கு இந்த வலம் இடம் தெரியாது. கோயிலுக்குப் பின்னாடி தெருவுலயே பொறந்து வளந்த உங்களுக்குமா தெரியாது?

— அவசரத்துல பாக்கலம்மா. இன்னைக்கு விடியக்காலம் ஆறு மணிக்கு வெளிய விட்டாகணும்னு பாடகரு உசுரை வாங்கிட்டாரு.

— ஒம்பது வருசம், பதினாலு கவர் வரைஞ்சு தந்திருக்கேன். ஒண்ணுலயாவது ஓரமா எம் பேரைப் போடுங்கன்னு கெஞ்சிருக்கேன்.

— இதுல போட்டிருக்கேன்லா. அட்டைப்படம் சிவப்ரியான்னு, எல்லாத்துக்கும் மேல, பெருசா.

— அதுதான் எனக்கு வினையாப் போச்சு. ஸ்கூல்ல டிராயிங் கிளாஸ் முடிச்சிட்டு மத்தியானந்தான் போனைத் தெறந்தேன். பேரைப் பாத்ததும் அழுகை வந்துட்டு எனக்கு. அம்மாட்ட ஓடிப்போயிக் காமிச்சேன். நான் வேலை கேட்ட மெட்ராஸ் மியூசிக் கம்பெனிக்காரங்க, பேரு போட்ட கவர் ஒண்ணாவது அனுப்புங்க, இல்லன்னா எப்படி நம்புததுன்னு மாசக்கணக்கா கேக்காங்க. அவங்களுக்கும் அனுப்பிட்டேன். அதுக்குப் பெறவுதான் சாமியையே ஒழுங்காப் பாத்தேன்.

— அவங்க என்ன சொன்னாங்க?

— சொந்த ஊர்ச் சாமியையே பாத்து வரையத் தெரியலையேன்னாங்க. முடிஞ்சுபோச்சு.

— மெட்ராஸ்காரனுக்கு என்ன தெரியும், விடு. நீ ஒரு மன்னிப்பு எழுதிப் போட்டுரு. பொம்பளப் புள்ளை வருத்தப்பட்டா ஊரு அதோட விட்டுரும்.

— நான் எதுக்குக் கேக்கணும்? திருப்புனது நாங்கதான்னு நீங்க எழுதுங்க. ரெண்டே வரி.

— எழுதுனா கம்ப்யூட்டர்ல யாரு திருப்புனதுன்னு அடுத்த கேள்வி வரும். ரிபாயி பேரு வெளிய தெரிஞ்சா ஊர்ல அது வேற மாதிரி ஆயிரும். அவன் புள்ளகுட்டிக்காரன். அவனை நெனைச்சுத்தான் வாயை மூடிக்கிட்டு இருக்கேன்.

— என்னை நெனைச்சு ஒண்ணும் மூட வேண்டாம் அண்ணாச்சி. நானும் இங்கனதான் நின்னு கேட்டுக்கிட்டு இருக்கேன்.

— ரிபாயி, நீ உள்ள போ. வேலையைப் பாரு.

— போறேன். ப்ரியா, இதைக் கேட்டுக்கோ. ஆறு மணிக்கு நான் நெட்ல ஏத்துன கவர்ல ஒம் பேரே கெடையாது.

— ஏலே, போன்னு சொல்லுதேம்லா.

— ஒம்பது மணிக்குக் கமெண்ட்ல மொதத் திட்டு வந்துச்சு. அதைப் படிச்சிட்டுத்தான், வரைஞ்சவ பேரைப் பெருசாப் போட்டுருலேன்னு அண்ணாச்சி எங்கிட்டச் சொன்னாங்க.