கொக்கோ விறகும் ஒரு பூனையும்

யோர்லெனி: அப்போ இந்தக் கொக்கோக் கொட்டையைக் கடிக்கவே கூடாதா?

அதேலியோ: கடிச்சா மூஞ்சி கோணிக்கும். சும்மா சப்புங்க தங்கச்சி. வெள்ளைச் சதை மட்டும்... கொட்டையைக் கையில துப்பிருங்க.

யோர்லெனி: ம்ம்... முள்சீத்தா மாதிரி இருக்கே. சாக்லேட் வாசனை துளிகூட இல்லை.

அதேலியோ: இப்பவே வந்துட்டா அப்புறம் எனக்கு என்ன வேலை? பெட்டியில கெடந்து புளிக்கணும், வெயில்ல காயணும், வறுபடணும், அரைபடணும். அத்தனை பட்டாத்தான் வாசனை வரும்.

யோர்லெனி: அண்ணே, ஒண்ணு கேக்கட்டா?

அதேலியோ: கேளுங்க. அதுக்குத்தானே படகேறி வந்திருக்கீங்க.

யோர்லெனி: ஏன் இப்படிக் கத்திப் பேசறீங்க? நான் கைக்கெட்டற தூரத்துலதான் நிக்கறேன்.

அதேலியோ: கத்தறேனா? ...பழக்கதோஷம். கூட்டமா வருவாங்க. பின்னாடி நிக்கறவங்களுக்கும் கேக்கணும்ல.

யோர்லெனி: இன்னைக்கு நான் ஒருத்திதானே. எனக்குப் பின்னாடி உங்க வீடுதான் நிக்குது.

அதேலியோ: கார்த்தாகோ பக்கம் எல்லாரும் இப்படித்தான் கேள்வி கேப்பீங்களா?

யோர்லெனி: குளிர் ஊரு அண்ணே. பேச்சை விட்டா வேற பொழுதுபோக்கு கிடையாது. கூட வந்தவங்க எல்லாம் புவேர்த்தோ வியேஹோ கடற்கரை மணல்ல படுத்துக் கெடக்காங்க. எனக்கு அது ஒத்து வரலை.

அதேலியோ: நல்ல காரியம் பண்ணீங்க. ஆமா... உங்க பை எங்கே?

யோர்லெனி: மேல வெச்சேன். நீங்க தோப்புல காய் பறிச்சுட்டிருந்தீங்க, கீழே கோழிங்க நின்னுச்சு. அதான் படியேறி...

அதேலியோ: மேல போனீங்களா? யாராச்சும்... பேசினாங்களா?

யோர்லெனி: கதவு சாத்தியிருந்துச்சு. வாசல்லயே வெச்சுட்டு இறங்கிட்டேன். ஏன், மேல யாரு?

அதேலியோ: யாருமில்லை. வீட்டுக்காரி ஊருக்குப் போயிருக்கா. வாங்க, அடியில போவோம். அடுப்பு அங்கேதான்.

யோர்லெனி: வீட்டுக்கு அடியிலயா? நல்லா இருக்கே. தூணு மேல வீடு, தலைக்கு மேல பலகை, நிழலு... பலகைக்கு நடுவுல ஒரு விரல் சந்து இருக்கே, மேல பேசறது கீழே கேக்குமா?

அதேலியோ: கீழே பேசறதும் மேல கேக்கும். ...இதோ, காஞ்ச கொட்டை. கையை உள்ள விட்டுப் பாருங்க.

யோர்லெனி: கலகலன்னு கூழாங்கல்லு மாதிரி இருக்கு. லேசாக் காடி வாசனை.

அதேலியோ: புளிச்சதோட மிச்சம். வறுத்தாப் போயிரும். நான் அடுப்பை மூட்டறேன். வறுக்கறது நீங்க.

யோர்லெனி: நானா?

அதேலியோ: வறுக்கறது, புடைக்கறது, அரைக்கறது, ஊத்தித் தர்றது, எல்லாம் நீங்கதான்.

யோர்லெனி: காசும் குடுத்து வேலையும் செய்யணுமா? நல்ல சுற்றுலா அண்ணே.

அதேலியோ: அதுக்கில்லை தங்கச்சி. இங்க ஆம்பளை இதைச் செய்யக் கூடாது. மரம் வளக்கலாம், காய் அறுக்கலாம், மூட்டை தூக்கலாம். குடிக்கறதுக்குப் பண்றது பொம்பளை கையாலதான். எங்க பிரிப்ரி சனங்களோட வழக்கம். எப்பவும் வீட்டுக்காரிதான் செய்வா. இன்னைக்குத்தான்...

யோர்லெனி: ஊருக்குப் போயிருக்காங்க.

அதேலியோ: ஆமா.

யோர்லெனி: ஏன் அண்ணே, அவங்க இல்லாதப்போ உங்களுக்குச் சாக்லேட் குடிக்கணும்னு தோணினா?

அதேலியோ: தோணிட்டு இருக்க வேண்டியதுதான்.

யோர்லெனி: தோப்பு நிறைய கொக்கோ வெச்சுக்கிட்டா?

அதேலியோ: மழைக்கு முன்னாடி குடிச்சது. அதுக்கப்புறம் ஒரு சொட்டு வாயில படலை... சட்டியைப் பாருங்க. கிளறிக்கிட்டே இருக்கணும், கருகிடும்.

யோர்லெனி: கிளறறேன். மழைக்கு முன்னாடியா? அத்தனை நாளாவா ஊருக்குப் போயிருக்காங்க?

அதேலியோ: தீ குறையுது பாருங்க, கொஞ்சம் விறகு...

யோர்லெனி: இருங்க, நான் போடறேன். இந்தா, ஓரத்துல காஞ்ச கிளை கெடக்கே, இதை...

அதேலியோ: வைங்க. அதைக் கீழே வைங்க தங்கச்சி. அதைத் தொடாதீங்க.

யோர்லெனி: ஐயோ, என்ன, பாம்பா?

அதேலியோ: பாம்பா இருந்தாப் பரவாயில்லையே. அது கொக்கோக் கிளை. கவாத்துப் பண்ணினது.

யோர்லெனி: விறகுதானே?

அதேலியோ: விறகில்லை. அவ ஒரு காலத்துல பொண்ணா இருந்தவ. சிபோதான் மரமாக்கி வெச்சாரு. சாமி மரமாக்கின பொண்ணை அடுப்புல வெச்சுக் கஞ்சி காச்சுவீங்களா?

யோர்லெனி: மாட்டேன். ...யாரும் எரிச்சதே இல்லையா?

அதேலியோ: எங்க ஊர்லயா? சேச்சே. எவனும் பண்ண மாட்டான்.

யோர்லெனி: மேல என்ன அது, தொம்முன்னு?

அதேலியோ: பூனை.

யோர்லெனி: பூனையா? பலகையே அதிருது.

அதேலியோ: கொழுத்த பூனை. தின்னுட்டுத் தூங்கறது... பாருங்க, மறுபடியும். பேரைச் சொன்னாக் கோவம் வந்துரும் அதுக்கு.

யோர்லெனி: சரி, எவனும் பண்ண மாட்டான்னீங்க.

அதேலியோ: ...ஒருத்தன் பண்ணினான்னு கேள்வி. பக்கத்து ஊர்க்காரன்.

யோர்லெனி: மறுபடியும் பூனை.

அதேலியோ: எலி ஓடுது போல. ...சரி, இந்த ஊர்தான்.

யோர்லெனி: உங்களுக்குத் தெரிஞ்சவரா?

அதேலியோ: மூஞ்சி பழக்கம்.

யோர்லெனி: தினம் கண்ணாடியில பாக்கற மூஞ்சியா? எங்கப்பன் குதிருக்குள்ள இல்லைங்கற கதையால்ல இருக்கு.

அதேலியோ: கொட்டை வெடிக்க ஆரம்பிச்சுது பாருங்க. இறக்குங்க, இறக்குங்க. ஒண்ணை உரிச்சு வாயில போடுங்க.

யோர்லெனி: ஆ... கசப்பு. இருங்க, பின்னாடி என்னமோ வருது. இப்பத்தான் சாக்லேட் வருது. வந்துட்டுப் போயிடுது.

அதேலியோ: ஒரு துண்டு வெல்லத்தோட மெல்லுங்க.

யோர்லெனி: அடேங்கப்பா. இது வேற ஆளு. ...சரி, அந்த மூஞ்சி பழக்கக்காரன் ஏன் எரிச்சானாம்?

அதேலியோ: விட மாட்டீங்களே. மழை, தங்கச்சி. இந்தத் தலமான்கா மழை உங்களுக்குத் தெரியாது. பேஞ்சா ஆறும் வீடும் ஒண்ணாயிரும். அடுக்கி வெச்ச விறகெல்லாம் ஊறிப் போச்சு. ஊதி ஊதி அவனுக்குக் கண்ணு செவந்ததுதான் மிச்சம். ஒரு கூட்டம் வேற நனைஞ்சுக்கிட்டே படகுல வந்து நிக்குது, சூடா ஏதாச்சும் குடுங்கன்னு. கூரைக்கு அடியில இது மட்டும் சருகாக் காஞ்சு கெடந்துச்சு. வீட்டுல பொம்பளைங்க மேல இருந்தாங்க. யார் பாக்கப் போறான்னு... ஒரே ஒரு குச்சி போட்டான்.

யோர்லெனி: பூனைக்கு நம்பிக்கை வரலை.

அதேலியோ: ஒரு கைப்பிடி.

யோர்லெனி: இன்னும் வரலை.

அதேலியோ: ஒரு கட்டு. முழுக் கட்டு, போதுமா?

யோர்லெனி: இப்ப அமைதியாயிடுச்சு. கெட்டிக்காரப் பூனை.

அதேலியோ: வாங்க, கல்லுக்கு வாங்க. தோலை ஊதித் தள்ளிட்டுப் பருப்பை நடுவுல கொட்டுங்க. இந்த உருட்டுக் கல்லை ரெண்டு கையாலயும் பிடிச்சு ஆட்டணும். தள்ளக் கூடாது. தொட்டில் ஆட்டற மாதிரி.

யோர்லெனி: கனக்குதே... அவன் பொண்டாட்டிக்கு எப்படித் தெரிஞ்சுது?

அதேலியோ: சாம்பல் அள்ளறப்போ பாதி எரிஞ்ச கட்டை ஒண்ணு. இந்த மரம் அடிமரத்துலயே பூக்கும். பூ விட்ட இடமெல்லாம் முண்டு முண்டாத் தழும்பு. குருடனும் தடவிப் பாத்துச் சொல்லிருவான். அவ கையில எடுத்துக்கிட்டு நின்னா. திட்டலை. இதை யாரு போட்டதுன்னு மட்டும் கேட்டா.

யோர்லெனி: அவன் ஒத்துக்கிட்டு மன்னிப்புக் கேட்டான்.

அதேலியோ: ம். கேட்டான்.

யோர்லெனி: ஐயையோ, அண்ணே, மேல ரெண்டு தடவை.

அதேலியோ: ...கேக்கலை.

யோர்லெனி: என்ன சொன்னான் பின்னே?

அதேலியோ: தள்ளாதீங்க, ஆட்டுங்கன்னேன்ல. பாருங்க, எண்ணெய் விட ஆரம்பிக்குது. கல்லுல மினுக்குது பாருங்க.

யோர்லெனி: அட, ஆமா. தண்ணி ஊத்தாமயே கூழாகுதே. கொட்டைக்குள்ள இவ்வளவு எண்ணெயா? ...பேச்சை மாத்தாதீங்க அண்ணே. என்ன சொன்னான்?

அதேலியோ: நீங்க இதைத் தெரிஞ்சு என்ன பண்ணப் போறீங்க? நாளைக்கு ஊருக்குப் போயிருவீங்க.

யோர்லெனி: அதனாலதான் கேக்கறேன். போறவகிட்டச் சொல்றது சுலபம். ...சரி, வேற கேக்கறேன். அவன் ஏன் அப்படிப் பயந்தான்? ஒரு கட்டு விறகுக்கு?

அதேலியோ: இந்த வீடு அவளோடது. தோப்பும் அவளோடது. அவ அம்மா வழி, அம்மாவோட அம்மா வழி. நான் ஒரு பையைத் தோள்ல மாட்டிக்கிட்டு வந்தவன். வீட்டோட மாப்பிள்ளை. அவ போடான்னா அதே பையோட போக வேண்டியதுதான்.

யோர்லெனி: நான்னு சொல்லிட்டீங்க.

அதேலியோ: ...என்னது?

யோர்லெனி: அவன், அவன்னுட்டு இருந்தீங்க. இப்ப நான்னு சொல்லிட்டீங்க.

அதேலியோ: சரி. நான்தான். மேல இருக்கறதும் பூனை இல்லை. அவதான், இசௌரா. மழைலேர்ந்து என்கூடப் பேச்சு நின்னு போச்சு. சோறு வெப்பா, தட்டை வெச்சுட்டுப் போயிருவா. ஒரு வாய் சாக்லேட் தரலை. கேக்கவும் எனக்கு வாய் இல்லை.

யோர்லெனி: அதான் காலைலேர்ந்து தோப்பே அதிரக் கத்தினீங்களா?

அதேலியோ: நேர்ல நின்னா நாக்கு ஒட்டிக்குது. வர்றவங்ககிட்டப் பேசற சாக்குல அவ காதுல விழட்டும்னு... தினம் இங்க நின்னு மரத்தோட பெருமையெல்லாம் சொல்றேன். அதுக்கு அடுத்ததுதான் வர மாட்டேங்குது.

யோர்லெனி: இன்னைக்கு வரட்டுமே. கல்லை நிறுத்திட்டேன். சொல்லுங்க.

அதேலியோ: யாரு போட்டதுன்னு கேட்டா. நான்... அத்தை போட்டிருப்பாங்கன்னேன். அவ அம்மா. வயசாச்சு, கண்ணு மங்கிடுச்சு, எது என்ன கட்டைன்னு தெரியாமப் போட்டிருப்பாங்கன்னு சொன்னேன்.

யோர்லெனி: அவங்க என்ன சொன்னாங்க?

அதேலியோ: அத்தையா? நானான்னு ஒரு வார்த்தை. அவ்வளவுதான். இந்தக் கல்லுல அறுபது வருஷமா அரைச்சவங்க. அவங்களைப் போயி... அம்மாவுக்கும் மகளுக்கும் வார்த்தை தடிச்சுப் போச்சு. அத்தை துணியை மூட்டை கட்டிக்கிட்டு, படகுத்துறைகிட்ட இருக்கற சின்ன மக வீட்டுக்குப் போயிட்டாங்க. நான்தான் மூட்டையைப் படகுல ஏத்தி விட்டேன். அப்பவும் வாயைத் திறக்கலை. அவங்க என்னைப் பாத்தாங்க பாருங்க... அவங்களுக்குத் தெரியும். தெரிஞ்சும் என்னைக் காட்டிக் குடுக்கலை. வெக்கமா இருக்கு தங்கச்சி. ராத்திரி தூக்கம் இல்லை.

யோர்லெனி: பூனை சத்தமே இல்லை இப்ப.

அதேலியோ: இசௌரா. கேக்குதா? நான்தான் போட்டேன். உங்கம்மா போடலை. போகச் சொன்னாப் போறேன், ஆனா உங்கம்மாவை நானே போய்க் கூட்டிட்டு வந்து விட்டுட்டுப் போறேன். ...இசௌரா? ஏதாச்சும் சொல்லேன்.

யோர்லெனி: அண்ணே, ஒரு சந்தேகம். நீங்க சொன்ன ஒவ்வொரு பொய்க்கும் மேல உதை விழுந்துச்சுல்ல. வீட்டுக்காரி ஊருக்குப் போயிருக்கான்னு சொன்னப்போ மட்டும் ஏன் விழலை?

அதேலியோ: ...என்ன சொல்றீங்க?

யோர்லெனி: கோவிச்சுக்காதீங்க. காலையில படகுல என் பக்கத்துல ஒரு மூட்டையோட ஒரு அம்மா உக்காந்திருந்தாங்க. பாதிக் கதை அங்கேயே கேட்டுட்டேன். மீதிப் பாதி உங்ககிட்டத்தான் இருக்குன்னாங்க. அந்தக் கிளையை எடுத்துப் பாத்தா வந்துரும்னாங்க. மூட்டையை மேல தூக்கி வெச்சதும் நான்தான்.

அதேலியோ: அத்தை? ...அத்தை, நீங்களா மேல?

நெமேசியா: நான்தான் மாப்பிள்ளை, அந்தக் கொழுத்த பூனை. என் மக அம்மா தப்புப் பண்ணியிருந்தாலும் அம்மாதான்னு சொல்லிட்டு, என்னைக் கூட்டிட்டு வர விடியறதுக்குள்ள கரை வழியா நடந்து போயிருக்கா. படகுக்காரன் சொன்னான். காலைலேர்ந்து நீங்க சொன்னதுல அது ஒண்ணுதான் உங்களுக்கே தெரியாம நெசமாப் போச்சு. அந்தப் பொண்ணு கையிலேர்ந்து கல்லை வாங்கி வைங்க, நான் இறங்கி வந்து அரைக்கறேன். குடிக்கச் சுரைக்குடுக்கை மூணு கழுவி வைங்க: எனக்கு, இந்தப் பொண்ணுக்கு, நடந்து களைச்சு வரப் போற என் மகளுக்கு. உங்களோட நாலாவதை இப்பக் கழுவ வேண்டாம். அவ வந்து இந்தப் படியில உக்காரட்டும், இதே கதையை இதே மாதிரி கத்தி அவகிட்டச் சொல்லுங்க, அதுக்கப்புறம் அதை அவ எடுப்பாளா மாட்டாளான்னு நானும் பாக்கறேன்.