தம்பதியின் தற்போதைய புகைப்படம்

என் கையெழுத்து அழகாக இருக்கும். நானே சொல்லிக்கொள்ளக் கூடாதுதான். ஆனால் இந்த வாக்குமூலத்தைத் தட்டச்சு செய்யாமல் கைப்பட எழுதித்தர நான் அனுமதி கேட்டதற்கு அதுதான் காரணம். நீதிமன்றம் நியமித்த விசாரணை அதிகாரி நீங்கள். கண்ணாடியைத் துடைத்துத் துடைத்துப் படிக்கும் சிரமம் உங்களுக்கு வேண்டாம்.

ஓய்வூதியப் பிரிவில் பத்தொன்பது வருடம் கண்காணிப்பாளராக இருந்தேன். விண்ணப்பங்களில் குறை கண்டுபிடித்துத் திருப்பி அனுப்புவது என் வேலை. குறை இல்லாததை அனுமதிப்பதும் என் வேலைதான், ஆனால் அதில் ருசி இல்லை. ஒரு கடிதத்துக்கு ஒரு குறை என்று வழக்கம் வைத்திருந்தேன். ஐந்து குறை இருந்தால் ஐந்து கடிதம். ஒன்று சரியான பிறகே அடுத்தது போகும். "சார் பேனாவுக்கு இன்னைக்கு நல்ல பசி போல" என்று தட்டச்சர் அம்மா கிண்டல் செய்வார். நானும் சிரிப்பேன்.

இந்த வழக்கைப் போட்டவர் அரசு மருத்துவமனையில் முப்பத்தொரு வருடம் ஆம்புலன்ஸ் ஓட்டியவர். பக்கத்தில் நின்று பேசினாலும் தெருமுனை வரை கேட்கும் தொண்டை. அதனால் எல்லோருக்கும் அவர் ஹாரன். நான்காவது குறைக் கடிதத்தோடு வந்தவர், ஜன்னலில் வரிசை நிற்கிறது என்று பார்க்காமல் ஆரம்பித்தார்.

"சார், இன்னும் என்னென்ன வேணும்னு மொத்தமா சொல்லிடுங்க. நான் ஒரே தடவையில கொண்டு வந்துடறேன். உங்களுக்கும் மை மிச்சம்."

வரிசை சிரித்தது. தட்டச்சர் அம்மாவும் சிரித்தார். எனக்கு உள்ளுக்குள் பற்றி எரிந்தது. வெளியே காட்டிக்கொள்ளவில்லை.

"சம்சாரத்துக்கு நுரையீரல்ல ஆபரேஷன் சார். வருஷம் முடியறதுக்குள்ள பண்ணிடணும்னு டாக்டர் சொல்றார். இந்தப் பணத்தைத்தான் மலையா நம்பியிருக்கேன்" என்றும் சொன்னார். சொன்னால் மனம் இளகும் என்று நினைத்திருப்பார். அந்த அம்மாவின் எத்தனை மாதம் என் கையில் இருக்கிறது என்பது எனக்கு அப்போதுதான் தெரிந்தது.

ஐந்தாவது கடிதம் போனதும் அவர் நீதிமன்றம் போனார். தீர்ப்பு வந்தால் பணம் வந்துவிடும் என்று இந்த மனிதர்கள் நினைக்கிறார்கள். பன்னிரண்டு வாரத்துக்குள் பரிசீலித்து முடிவெடுக்க வேண்டும் என்றுதான் நீதிபதி எழுதினார். கொடுக்கச் சொல்லவில்லை. எண்பத்து மூன்றாம் நாள் பரிசீலித்து, காரணங்களோடு நிராகரித்தேன். அவர் மறுபடி முதலிலிருந்து வழக்குப் போட்டார். இந்தமுறை எட்டு வாரம் கொடுத்தார்கள். கெடுவை நான் ஒருநாள்கூடத் தாண்டியதில்லை, அதைக் குறித்துக்கொள்ளுங்கள்.

அந்த எட்டு வாரத்தின் நடுவில் ஒருநாள் மனைவியையும் அழைத்துவந்தார். சுவரைப் பிடித்துக்கொண்டு, நாலு அடிக்கு ஒருதரம் நின்று, அந்த அம்மா என் மேசைக்கு வந்தார். ஓய்வூதிய விண்ணப்பத்தில் கணவனும் மனைவியும் சேர்ந்து எடுத்த படம் ஒட்டுவார்கள். அந்தப் படத்தில் உப்பிய கன்னத்தோடு சிரித்தவர், எதிரில் எலும்பும் தோலுமாக நின்றார். பாவமாகத்தான் இருந்தது. அன்று மாலையே கடிதம் எழுதினேன். 'இணைத்துள்ள படம் மனைவியின் இப்போதைய தோற்றத்துடன் பொருந்தவில்லை. தம்பதியின் தற்போதைய புகைப்படத்தை அனுப்பவும்.'

கடிதம் போய்ச் சேர்வதற்குள் அந்த அம்மாவை மருத்துவமனையில் சேர்த்துவிட்டார்கள். எதிரே இருந்த ஸ்டூடியோக்காரரைக் கூட்டிப்போய்க் கட்டில் அருகே படம் எடுத்து அனுப்பினார் ஹாரன். மனைவி முகத்தில் ஆக்சிஜன் மாஸ்க் இருந்தது. 'முகத்தில் எந்த மறைப்பும் இருக்கக் கூடாது' என்று எழுதினேன். மறுநாளே ஓடி வந்தார். அவர் பேசியதைக் கேட்க அன்று நான் முன்னால் குனிய வேண்டியிருந்தது.

"மாஸ்க்கை எடுத்தா மூச்சு முட்டுது சார். எடுக்கவே கூடாதுன்னு டாக்டர் சொல்லியிருக்கார்."

"படம் எடுக்க எவ்வளவு நேரம் ஆகும்? அரை நிமிஷம்" என்றேன். குடிக்கத் தண்ணீரும் கொடுத்தேன்.

இரண்டாவது படத்தில் மாஸ்க் இல்லை, ஆனால் அந்த அம்மாவின் கண் மூடியிருந்தது. 'கண்கள் திறந்திருக்க வேண்டும்.' மூன்றாவது படத்துக்கு ஆறு தடவை முயன்றதாக ஸ்டூடியோக்காரர் உங்களிடம் சொல்லியிருக்கிறார். தலை வாரி, பொட்டு வைத்து, பின்னாலிருந்து தாடையைத் தாங்கிப் பிடித்தாராம் ஹாரன். கண் திறக்கும்போது மூச்சு இழுத்ததாம், மூச்சு சீரானால் கண் சொருகியதாம். அன்று மாலை அந்த அம்மா இறந்துபோனார்.

மூன்றாவது படமும் இறப்புச் சான்றிதழும் ஒரே உறையில் வந்தன. படத்தை விளக்கு வெளிச்சத்தில் பார்த்தேன். நல்ல படம், கண் திறந்திருந்தது, ஒரு குறையும் இல்லை. மனைவி உயிரோடு இல்லாததால் கூட்டுப்படம் செல்லாது, தனிப்படம் அனுப்பவும் என்று ஐம்பத்தைந்தாம் நாள் எழுதினேன். அந்தக் கடிதத்தை வைத்துத்தான் அவர் இந்த நீதிமன்ற அவமதிப்பு வழக்கைப் போட்டிருக்கிறார்.

எந்த விதியின்படி புதுப்படம் கேட்டேன் என்று நேற்று மூன்று முறை கேட்டீர்கள். எந்தப் புத்தகத்திலும் அப்படி ஒரு விதி இல்லை. முதலில் ஒட்டியிருந்த படமே போதும். எல்லாம் நானே எழுதியது. மாஸ்க்கைக் கழற்றினால் என்ன ஆகும் என்று தெரிந்துதான் எழுதினேன். இதை ஒப்புக்கொள்வதில் எனக்கு ஒரு தயக்கமும் இல்லை.

ஆனால் ஐயா, தயவுசெய்து ஒன்றைப் பதிவு செய்யுங்கள். அந்த மாஸ்க்கைக் கழற்றியது அவர், நான் இல்லை.