அத்தாயி படுத்த கல்

ரொம்ப காலத்துக்கு முந்தி, நம்ம பாட்டனுக்குப் பாட்டன் தொட்டில்ல கெடந்த காலத்துக்கும் முந்தி, கல்லேரிப்பாளையத்துல அத்தாயின்னு ஒருத்தி இருந்தாளாம்.

பேரு சொன்னா ஆளு தெரியணும். ஒல்லியா, ஒசரமா இருப்பாளாம். எங்க போனாலும் கையில ஒரு கொட்டாங்குச்சி. அதுக்குள்ள சலிச்ச சாம்பல். சாம்பல் எதுக்கு? அவ பாவு பிணைக்கிறவ, பாவுன்னா தறியில நீளவாக்குல ஓடுற நூலு. தறியில ஒரு பாவு நெய்ஞ்சு முடிஞ்சா அதை அடியோட அறுத்துட மாட்டாங்க. கடைசி நுனியைச் சீப்பாட்டம் இருக்கிற அச்சுக்குள்ளயே விட்டு வெச்சிருப்பாங்க. புதுப் பாவோட ஒவ்வொரு இழையையும் பழைய இழையோட சேர்த்து முறுக்கி ஒட்டணும். முடிச்சுப் போட்டா அச்சுல சிக்கிக்கும். சாம்பலைத் தொட்டுக் கட்டைவிரலும் ஆள்காட்டி விரலும் ஒரு உரசு உரசுனா, இழை இழையைப் பிடிச்சுக்கும். இப்பிடி ஆயிரக்கணக்குல இழை. ஒரு தறி முடிஞ்சா அடுத்த வீட்டுத் தறி. தெருவுல எல்லா வீட்டுக்கும் அவதான் போகணும். அதனால எந்த வீட்டுல யாரு சிரிக்கிறா, யாரு முனகுறான்னு அவளுக்குத்தான் தெரியும்னு சொல்வாங்க.

அந்தச் சீமைக்கு ஒரு பட்டக்காரர். அவரு மகளுக்குக் கல்யாணம் வந்துச்சாம். வர்ற அத்தனை பேருக்கும் புதுத்துணி குடுக்கணும்னுட்டாரு. அத்தனை பேருன்னா யாரு? சீரு கொண்டு வர்றவன், பல்லக்குத் தூக்குறவன், பந்தம் பிடிக்கிறவன், எலை எடுக்கிறவ, அவ இடுப்புல இருக்கிற கொழந்தை வரைக்கும். இம்புட்டையும் நெய்யுறது யாரு? கல்லேரிப்பாளையத்துத் தெரு ஒண்ணுதான்.

வேலையைப் பாக்க ஒரு காரியக்காரனை அனுப்பிச்சாங்களாம். அவனுக்கு நெசவு தெரியாது, சத்தம் தெரியும். தெரு மொனையில வேப்பமரத்தடியில கட்டிலைப் போட்டுக் கண்ணை மூடிக்கிட்டு உக்காந்திருப்பானாம். டக்கு டக்குன்னு எல்லாத் தறியும் அடிச்சுக்கிட்டே இருக்கணும். ஒரு தறி நின்னாக் கண்ணைத் தொறப்பான். "எவன்டா அது?" அவ்வளவுதான், அந்த வீட்டுக்கு ஆளு வரும். தறி நிக்கக்கூடாது. நின்னா ஆளு வரும்.

கோழி கூப்பிடத் தறிக்கு முன்னால வெட்டுன குழியில எறங்குனா பொழுது சாய ஏறுறது. குழிக்குள்ளயே சோறு. பொண்டாட்டி உருட்டி வாயில வெப்பா, இவன் காலு மிதியை மிதிச்சுக்கிட்டே இருக்கும். பொம்பளைங்க தாருல நூலைச் சுத்திச் சுத்திக் கையில தோலு உரிஞ்சு போச்சு. யாரும் யாரு மூஞ்சியையும் பாத்துப் பேசுறதில்ல. சண்டை போடக்கூடத் தெம்பு இல்ல. புருசன் பொண்டாட்டி சண்டை இல்லாத தெருன்னா எப்பிடி இருந்திருக்கும், நீங்களே யோசிச்சுக்குங்க.

அத்தாயிக்கு ஒரே பையன், செங்கோடன். ஒரு நா அவன் தறியில பிணைக்கப் போயிருக்கா. பாவு பிணைக்கிற நேரந்தான் தறிக்காரனுக்கு ஓய்வு. அதையும் காரியக்காரன் பொறுக்கமாட்டான்னு மருமக வேலாத்தா பக்கத்துலயே நின்னுக்கிட்டு, "சீக்கிரம் அத்தை, சீக்கிரம்"கிறா. அத்தாயி திரும்பிப் பாத்தா, சும்மா நிக்கிற தறியில பையன் காலு மட்டும் மிதிச்சுக்கிட்டு இருக்குது.

"டேய், தறி நிக்குதுடா."

"தெரியல ஆத்தா. காலு இருக்குதா இல்லையான்னே தெரியல. அது தானா ஓடுது."

தொட்டுப் பாத்தாளாம். காலு வாழைத்தண்டாட்டம் வீங்கிக் கெடக்குது. ஒடம்பு அனலாக் கொதிக்குது. சாப்பிட்டதெல்லாம் குழிக்குள்ள வாந்தியாக் கெடக்குது.

"ஒரே ஒரு பகல் ஆத்தா. ஒரு பகல் கட்டையை நீட்டுனாப் போதும். இல்லைன்னா இந்தக் குழியிலயே என்னை மூடிருங்க."

பெத்தவ காதுல இப்பிடி விழுந்தா? கொட்டாங்குச்சியை எடுத்துக்கிட்டு நேரா வேப்பமரத்துக்குப் போனாளாம்.

"சாமி, எம்பையனுக்குக் காய்ச்சலுங்க. ஒரு பகல் மட்டும் படுத்துக்கட்டுங்க."

"ஒருத்தன் படுத்தாத் தெருவே படுத்துக்கும். உம்பையனுக்காகக் கல்யாணத்தைத் தள்ளி வெக்கச் சொல்லட்டுமா?"

"வேற எப்பத்தானுங்க தறி நிக்கும்?"

அவன் சிரிச்சானாம். "பொணம் விழுந்தா நிக்கும். பொணம் கெடக்கிற தெருவுல நெய்ஞ்ச துணி கல்யாணத்துக்கு ஆகுமா? ஆகாதுல்ல. போ, எவனாச்சும் செத்தா வந்து சொல்லு."

"சரிங்க சாமி."

அம்புட்டுத்தான் சொன்னாளாம். சரிங்க சாமி. திரும்பி வந்துட்டா.

மறுநா காலையில மாராக்கா பாவடிக்குப் போறா. பாவடின்னா தெருவுக்குப் பின்னாடி பாவை நீட்டிக் கஞ்சி போடுற மைதானம். மாராக்கா அத்தாயிக்குப் பக்கத்து வீட்டுக்காரி, ஊருக்கே தொண்டைக்காரி. பாவடி ஓரத்துல ஒரு தட்டைக் கல்லு. அது மேல அத்தாயி மல்லாக்கக் கெடக்கிறா. மூஞ்சியெல்லாம் வெளுத்துச் சாம்பல் பூத்துக் கெடக்குது. மாராக்கா, "ஐயோ!"ன்னு ஒரு அலறல்.

அத்தாயி ஒத்தைக் கண்ணைத் தொறந்தாளாம். "கத்துறதுன்னா ஒழுங்காக் கத்துடி. வேப்பமரத்துக்குக் கேக்கோணும்."

"அடி சண்டாளி! எனக்கு உசிரே போயிருச்சு!"

"உனக்குப் போக வேண்டாம். எனக்குப் போயிருச்சுன்னு போயிச் சொல்லு."

அப்பத்தான் மாராக்கா பாத்தாளாம், அவ தலைமாட்டுல கொட்டாங்குச்சி காலியாக் கெடக்குது. பிணைக்க வெச்சிருந்த சாம்பலைப் பூராவும் மூஞ்சியில பூசிக்கிட்டா. புரிஞ்சுபோச்சு. விட்டா பாருங்க ஒரு ஒப்பாரி!

மொதல்ல பக்கத்து வீட்டுத் தறி நின்னுச்சாம். அப்புறம் எதிர்வீடு. அப்புறம் கோயிலடி வீடு. ஒண்ணொண்ணா நின்னு, கடைசித் தறியும் நின்னப்போ வேப்பமரத்துல ஒரு காக்கா கத்துச்சாம். இந்தத் தெருவுல காக்கா இருக்கிறதே எல்லாருக்கும் மறந்துபோயிருந்துச்சு.

செங்கோடன் குழியை விட்டுத் தவழ்ந்து வந்து ஆத்தா காலைப் பிடிச்சு அழுகுறான். அத்தாயி ஒதடு அசையாம வேலாத்தாகிட்டச் சொன்னாளாம்: "இவனைத் தூக்கிட்டுப் போயிப் படுக்க வை. பெத்தவ செத்ததுக்கு நாளைக்கு அழுதுக்கலாம்."

எழவுக்கு வந்தவங்க எத்தனை பேருன்னு நெனைக்கிறீங்க? பொம்பளைங்க கொஞ்சப் பேருதான். மத்தவங்க தறி நின்ன எடத்துலயே தூங்கிட்டாங்க. ஒருத்தன் குழிக்குள்ளயே துணி மேல தலையை வெச்சு. ஒருத்தன் வாசப்படியில பாதி உள்ள, பாதி வெளிய. அழ வந்தவங்களுக்கும் ஒருத்தி மேல ஒருத்தி சாஞ்சு கண்ணு சொருகுது. இதுல பெரிய கூத்து என்னன்னா, செத்துக் கெடக்கிறவளும் தூங்கிட்டா. அவளும் மனுசிதான? வீடு வீடா நின்ன காலு அவளுது.

தூங்குனது போவட்டும், கொறட்டை விட ஆரம்பிச்சுட்டா!

அந்த நேரம் பாத்துக் காரியக்காரன் வர்றான்.

மாராக்கா பாத்தா. கொறட்டை ஏறுறப்போ ஒப்பாரியை ஏத்துறா. எறங்குறப்போ மூச்சு வாங்குறா. "சாம்பக் கை மகராசி, சத்தமில்லாமப் போனயே"ங்கிறா. கொர்ர்ங்குது கல்லு. "சத்தமில்லாமப் போனயே!"ன்னு இன்னும் ஒசத்துறா.

"என்ன சத்தம் அது?"

"எங்க தொண்டைங்க சாமி. அழுதழுது கட்டிக்கிச்சு."

அவன் குனிஞ்சு பாத்தான். மூஞ்சியைப் பாத்தான், கண்ணைப் பாத்தான். அப்புறம் கையைப் பாத்தான். அங்கதான் வந்துச்சு வெனை. தூக்கத்துலயும் அவ வெரலு சும்மா இல்ல. கட்டைவிரலும் ஆள்காட்டி விரலும் உரசுது. ஒரு உரசு, தள்ளிப் போகுது. ஒரு உரசு, தள்ளிப் போகுது. இல்லாத பாவைப் பிணைச்சுக்கிட்டு இருக்கிறா.

பொய்யின்னு தெரிஞ்சாத் தறியைப் பிடுங்கிப் போட்டுத் தெருவோட தொரத்திருவான். செங்கோடனை மறுபடி குழியில எறக்குனா அவன் ஏறி வரப்போறதில்ல.

மாராக்கா மெதுவாச் சொன்னாளாம்: "பிணைக்கிற கைங்க சாமி. உசிரு போன சேதி கைக்கு இன்னும் போயிச் சேரலைங்க."

காரியக்காரன் நிமிந்து தெருவைப் பாத்தானாம். தொறந்து கெடந்த பின்வாசக் கதவு வழியா ஒவ்வொரு வீடாப் பாத்தானாம். வாசப்படியில கெடக்கிறவனைப் பாத்தான், குழிக்குள்ள கெடக்கிறவனைப் பாத்தான். சத்தத்தை மட்டுமே கேட்டவன், அன்னைக்குத்தான் ஆளுங்களைப் பாத்தான்னு சொல்வாங்க.

"எப்ப எடுப்பீங்க?"

"மகளைத் தொலைவாக் கட்டிக் குடுத்திருக்குதுங்க. வந்து சேரப் பொழுதாயிரும்."

அத்தாயிக்கு ஏது மக?

"செரி, மக வந்து மொகம் பாக்கட்டும். அது வரைக்கும் எடுக்க வேண்டாம்"னு சொல்லிட்டுப் போனான். போயி, கட்டில்ல படுத்து, துண்டை மூஞ்சியில போட்டுக்கிட்டு அவனும் தூங்கிட்டானாம். அவனை வெரட்டுறதுக்கும் மேல ஆளு இருந்திருக்குமில்ல?

பொழுது சாய அத்தாயி எந்திரிச்சு உக்காந்தா. "ஒரு வாய் தண்ணி குடுங்கடி. சாவுன்னா இப்பிடித்தான் இருக்கும்னா யாருதான் பயப்படுவா?"

மறுநா தறி ஓடுச்சு. செங்கோடன் காய்ச்சல் எறங்கி, காலு வத்தி, ஆளாயிட்டான். கல்யாணமும் நடந்துச்சு. காரியக்காரன் ஊரை விட்டுப் போறப்போ பாவடி வழியா வந்தானாம்.

"பொழைச்சுக்கிட்டயாமா?"

"மக மொகத்தைப் பாத்ததும் உசிரு திரும்பிருச்சுங்க சாமி."

"நல்லது. அடுத்த தடவை செத்தாக் கையைப் போத்திக்க."

அப்பிடியே போயிட்டானாம், திரும்பிக்கூடப் பாக்காம.

அதுக்கப்புறம் எந்த வருசம் வேலை மென்னியைப் பிடிச்சாலும், அத்தாயி போயிக் கல்லு மேல படுத்துக்குவா. கையை முந்தானையில சுத்திக்குவா. சனம் சிரிச்சுக்கிட்டே தறியை நிறுத்திட்டுப் போயிப் படுக்கும். "அத்தாயி செத்துட்டா, தூங்குங்க"ன்னு ஒருத்தருக்கொருத்தரு சொல்லிக்குவாங்களாம்.

வருசம் ஓடுச்சு. ஒரு ஆடி மாசம். பிணைச்சுப் பிணைச்சு அவ வெரலு ரேகையெல்லாம் தேஞ்சு போயிருந்துச்சாம். ஒரு காலையில போயிக் கல்லு மேல படுத்தா. கையைப் போத்திக்கிட்டா. தெரு பாத்துச்சு, தறி நின்னுச்சு. மாராக்கா கோலை ஊனிக்கிட்டுப் போறவ, "படு படு, நல்ல நாளாப் பாத்துத்தான் செத்திருக்கிற"ன்னுட்டுப் போயித் தானும் படுத்துட்டா. ஊரே நிம்மதியாத் தூங்குச்சு. ஒருத்தரும் அழல.

பொழுது சாய வேலாத்தா சொம்புல தண்ணி கொண்டு போனாளாம்.

"அத்தை, தூங்குனது போதுமா? எந்திரிக்கிறீங்களா?"

செத்த நேரம் நின்னா. மறுபடி கேட்டா. அப்புறம் முந்தானையை வெலக்கிக் கையைப் பாத்தா. வெரலு நின்னிருந்துச்சு.

அதனாலதான் எங்க தெருவுல ஒரு உசிரு போனா எடுத்த எடுப்புல அழமாட்டாங்க. தறி நிக்கும். கையை வேட்டியிலயோ முந்தானையிலயோ போத்தி வெப்பாங்க. நெருங்குன சொந்தம் யாராச்சும் காதுகிட்டக் குனிஞ்சு, "தூங்குனது போதுமா? எந்திரிக்கிறீங்களா?"ன்னு கேக்கணும். கேட்டுட்டுச் செத்த நேரம் காத்திருக்கணும். அப்புறம் போத்துனதை வெலக்கி, கட்டைவிரல்லயும் ஆள்காட்டி விரல்லயும் ஒரு துளி சாம்பலை வெச்சுப் பாக்கணும். வெரலு உரசலைன்னாத்தான் அழுகை. வாக்கப்பட்டு வந்த பொண்ணுங்க, "என்ன ஊருங்க இது, பொணத்தைப் போயி எழுப்புறீங்க"ம்பாங்க. நாலு எழவு பாத்தா அவங்களே குனிஞ்சு கேப்பாங்க.

கல்லு அங்கதான் கெடக்குது. முதுகு பட்டுப் பட்டு நடுவுல குழிஞ்சிருக்கும். அது மேல யாரு படுத்திருந்தாலும் நாங்க எழுப்புறதில்ல. போற போக்குல வெரலை மட்டும் ஒரு தடவை பாத்துக்குவோம்.