வெள்ளிக்கிழமை வரை மறைக்க நினைத்த அம்மை

மேடையில் அமர்ந்திருக்கும் நாட்டாண்மை தசரதன் ஐயா அவர்களே, மகளிர் மன்றத் தலைவி கோவிந்தம்மா அவர்களே, வடக்குப்பட்டுத் தாய்மார்களே!

நம் பால்வாடி ஆசிரியை அமலா அவர்கள் போய்ப் பதினோரு நாள் ஆகிறது. முப்பத்து நான்கு வயது! சின்னம்மை கண்டு, அது நெஞ்சில் இறங்கி, மூச்சுக்குத் தவித்துப் போய்ச் சேர்ந்தார். நல்லவர், பொறுமைசாலி என்று நாலு வார்த்தை பேசிவிட்டு இறங்கிவிடலாம் என்றுதான் நேற்று எழுத உட்கார்ந்தேன். முடியவில்லை.

பத்தொன்பது பிள்ளைகளுக்கும் தனித்தனி டம்ளர், தனித்தனித் துண்டு வைத்து, மாறிப்போகாமல் கலர் நூல் கட்டியவர் யார்? அமலா டீச்சர்! "கொப்புளம் வர்றதுக்கு ரெண்டு நாள் முன்னாடியே ஒட்டிக்கும். மூச்சுல ஒட்டும், தொட்டா ஒட்டும். பொருக்கு காயுற வரைக்கும் அனுப்பாதீங்க" என்று வீடு வீடாகச் சொன்னவர் யார்? அமலா டீச்சர்! நாம் என்ன செய்தோம்? சிரித்தோம்.

வாசலில் வேப்பிலை கட்டினால்தான் நமக்கு அது அம்மை. கட்டிவிட்டால் வீட்டார் வேலைக்குப் போக முடியாது. அதனால் நல்ல நாள் பார்க்கிறோம் என்று தள்ளிப்போடுவோம். அவர் சொல்வார்: "சாமிக்குக் கட்டுறன்னா நாள் பாரு. பக்கத்து வூட்டுக் கொழந்தைக்காகக் கட்டுறன்னா இன்னிக்கே கட்டு."

தை மாதம், ஒரு செவ்வாய்க்கிழமை. என் மகள் சத்யப்பிரியாவின் முதுகில் நாலு கொப்புளம். மாமியார் பார்த்துவிட்டு, "வெள்ளிக்கெழமை கட்டிக்கலாம்டி. அதுவரைக்கும் வேர்க்குருன்னு சொல்லு" என்றார். மறைமலை நகர் கம்பெனியில் நான் லீவு கேட்டால், மறுநாள் லைனில் என் இடத்தில் வேறொருத்தி நிற்பாள். நான் விலங்கியல் பட்டதாரி! வைரஸ் பற்றிப் பரீட்சையில் இரண்டு பக்கம் எழுதியவள்! பவுடர் பூசி, முழுக்கைச் சட்டை மாட்டி, பால்வாடியில் விட்டுவிட்டு கம்பெனி பஸ் ஏறினேன். சிணுங்கிய பிள்ளையை அமலா டீச்சர் தோளில் போட்டே தூங்கவைத்திருக்கிறார். வியாழன் மாலைதான் சட்டையைத் தூக்கிப் பார்த்தார்.

"இன்னா ரத்னா இது?"

"வேர்க்குரு, டீச்சர்."

"தை மாசக் குளிர்லயா? காலேஜுல இதான் சொல்லிக்குடுத்தாங்களா?"

அவ்வளவுதான் திட்டினார். இருட்டுவதற்குள் மற்றப் பதினெட்டு வீட்டு வாசலிலும் நின்று எச்சரித்தார். என் பெயரைச் சொல்லவில்லை. ஒரு வீட்டிலும் சொல்லவில்லை! பதினோரு பிள்ளைகளுக்குக் கண்டது, பிழைத்துக்கொண்டார்கள். சிறு வயதில் அம்மை காணாத அவருக்கும் கண்டது.

இன்று ஊரில் என்ன பேச்சு? "சர்ச்சுக்குப் போறவ, ஆத்தாவைக் கிருமின்னு சொன்னா இல்ல? தெய்வகுத்தம்!" தெய்வகுத்தமா? இல்லை ஐயா, இல்லை! என் குத்தம். என்னைப் போல் ஒரு நாளாவது மறைக்காத தாய் இந்தக் கூட்டத்தில் யார்?

படம் திறந்து மாலை போட்டால் தீருமா? புது ஆசிரியை வரும்வரை தினமும் காலையில் பால்வாடி வாசலில் நான் நிற்பேன். என் வேலை போனால் போகட்டும். ஒவ்வொரு பிள்ளையின் சட்டையையும் தூக்கிப் பார்ப்பேன். "நீ யாருடி பாக்குறதுக்கு?" என்று கேட்பீர்கள். கேளுங்கள்! அமலா டீச்சருக்கு அம்மையைக் கொடுத்தவள் என்பேன். சொல்லிவிட்டு, பிள்ளையைத் திருப்பி அனுப்புவேன்.