மச்சில் நடந்தது யார்

எனக்குக் கதை கேட்பதைத் தவிர வேறு கெட்ட பழக்கம் கிடையாது, ஐயா. பீடிகூடக் குடிப்பதில்லை.

ராசிபுரத்தில் எனக்கு ஒரு தறிப்பட்டறை. ஐம்பத்தாறாம் வருஷத் தீபாவளிக்குப் பிறகு வீரபாகு அங்கே நெய்ய வந்தான். நெய்துகொண்டே கதை சொல்வான். கடைசியாகச் சொன்னது, புதுச்சத்திரத்தில் வாழ்க்கைப்பட்ட ஒரு பெண்ணின் கதை. புருஷன் வீட்டு மச்சில் யாரோ நடக்கிற சத்தம் தினமும் அவளுக்குக் கேட்கும். ஒருநாள் ஏணி சாத்தி ஏறி, மேல் பலகையைத் தள்ளினாள். அங்கே நிறுத்திவிட்டான்.

"மிச்சத்த நாளைக்குச் சொல்றேனுங்ண்ணா."

நாளைக்கு, நாளைக்கு என்றே ஒரு மாதம் ஓட்டினான். எனக்குச் சோறு இறங்கவில்லை. பிறகு, குமாரபாளையத்தில் வேலை கிடைத்துவிட்டது, மத்தியானம் பஸ் ஏறுகிறேன் என்று சொல்லிக்கொள்ள வந்தான். மற்ற நெசவாளிகள் திருச்செங்கோட்டுத் தேருக்குப் போயிருந்தார்கள்.

நான் திட்டம் எதுவும் போடவில்லை. வாளி உண்மையாகவே கிணற்றில் விழுந்திருந்தது. எடுத்துக் கொடுத்துவிட்டுப் போ என்றேன். அவனுக்கு நீச்சல் தெரியாது. இடுப்பில் கயிற்றைக் கட்டிக்கொண்டு இறங்கினான். மறுமுனையைக் கல்தூணில் சுற்றி நான் பிடித்துக்கொண்டேன். கழுத்தளவு தண்ணீருக்குப் போனதும் கேட்டேன்.

"மச்சுல யாரு, வீரபாகு?"

சிரித்தான். "மேல ஏத்துங்க, சொல்றேன்."

"சொல்லு, ஏத்தறேன்."

மாமியார் என்றான். சத்தம் கேட்டபோது மாமியார் அடுப்படியில் இருந்தாள் என்று முன்பு அவனே சொல்லியிருந்தான். செத்துப்போன மூத்த தாரம் என்றான். அதுவும் பொருந்தவில்லை. கயிற்றைக் கொஞ்சம் தளர்த்தினேன்.

"சத்தியமா எனக்கே தெரியாதுங்ண்ணா! நீங்க ஆசையாக் கேக்கக் கேக்கத்தானுங்க நான் கட்டிக்கட்டிச் சொன்னேன்!"

அவ்வளவு நம்பும்படி சொன்னவனுக்கு யாரென்று தெரியாமல் இருக்குமா? இன்னும் கொஞ்சம் தளர்த்தினேன். வேறு என்ன செய்வது? என்னிடம் இருந்தது அந்தக் கயிறு ஒன்றுதான்.

பஸ் நேரம் தாண்டியதும் அவன் மனைவி சுப்பம்மாள் தேடிக்கொண்டு வந்தாள்.

"அவரு எங்கீங்ண்ணா?"

"மச்சுல யாருன்னு உங்கிட்டயாவது சொன்னானா?"

"எங்கிட்ட எந்தக் கதையும் சொன்னதில்லீங்களே," என்றாள். பிறகுதான் என் கையிலிருந்த கயிற்றைப் பார்த்தாள்.

நான் கொன்றேன் என்று எழுதிக்கொள்ளுங்கள், கையெழுத்துப் போடுகிறேன். ஆனால் அவனுக்கு முடிவு தெரியும், ஐயா. இன்னும் கொஞ்சம் மூச்சைப் பிடித்திருந்தால் சொல்லியிருப்பான்.